மூன்று மாதம், ஆறு மாதம்: மூட்டுவாத சிகிச்சைக்கும் ஒரு கெடு உண்டு

நேயர்களுக்கு வணக்கம்.

மூட்டுவாத நோய்களுக்கான சிகிச்சை நெறிமுறைகளைப் பற்றிப் பேசும்படி கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். தலைப்பைக் கேட்டதும் வேறு நிலையத்துக்கு மாற்றிவிடாதீர்கள். நெறிமுறை என்றால் டாக்டர்கள் தங்களுக்குள் படித்துக்கொள்ளும் சமாச்சாரம் என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் இந்த நோயோடு வருடக்கணக்கில் குடித்தனம் நடத்தப்போகிறவர் நோயாளி. என்ன மருந்து என்பதோடு, அந்த மருந்து பலன் தராவிட்டால் எவ்வளவு காலம் பொறுக்கலாம் என்பதையும் நெறிமுறைகள் சொல்கின்றன. அந்தக் கெடுவை நோயாளிகளும் தெரிந்துவைத்திருக்க வேண்டும் என்பது என் கட்சி.

முடக்குவாதத்தை, அதாவது ருமாட்டாய்டு ஆர்த்ரைட்டிஸை எடுத்துக்கொள்கிறேன். உடம்பின் எதிர்ப்புசக்தி தன் சொந்த மூட்டுகளின் உள்சவ்வையே தாக்குவதால் வருவது இது. காலையில் எழுந்ததும் விரல்களை மடக்க வராது. அந்த விறைப்பு விட ஒரு மணி நேரத்துக்கு மேல்கூட ஆகும். ஒரு காலத்தில் இதற்கு வைத்தியம் நிதானமாகத்தான் நடந்தது. முதலில் ஓய்வு, ஆஸ்பிரின், வலி மாத்திரை. அதற்கு அடங்காவிட்டால் கொஞ்சம் வீரியமான மருந்து. கடுமையானது எல்லாம் கடைசியில். நோயாளிக்குத் தீங்கு வரக்கூடாது என்ற நல்லெண்ணம்தான் காரணம். ஆனால் பலருக்கு முதல் இரண்டு வருடங்களுக்குள்ளேயே எலும்பு அரிக்கத் தொடங்கிவிடுவதை எக்ஸ்ரேக்கள் காட்டின. மாத்திரை போட்டதால் வலி குறைந்திருக்கும். உள்ளே மூட்டு அரிபட்டுக்கொண்டிருக்கும். 1980களின் கடைசியில், இந்த வரிசையையே தலைகீழாகத் திருப்ப வேண்டும் என்று மருத்துவர்கள் எழுத ஆரம்பித்தார்கள். நோய் உறுதியானதுமே, நோயைக் கட்டுப்படுத்தும் மருந்தைத் தொடங்கிவிட வேண்டும் என்பதுதான் இன்றைய விதி.

சரி, தொடங்கினால் மட்டும் போதுமா? கிளாஸ்கோ நகரில் நடந்த ஓர் ஆய்வின் முடிவு 2004-ல் வெளியானது. சுமார் 110 நோயாளிகளை இரண்டு குழுவாகப் பிரித்தார்கள். ஒரு குழுவுக்கு வழக்கமான கவனிப்பு. இன்னொரு குழுவினரை மாதம் ஒருமுறை வரச்சொல்லி, வீங்கிய மூட்டுகளை எண்ணி, நோய் அடங்கவில்லை என்றால் அன்றைக்கே சிகிச்சையைத் தீவிரப்படுத்தினார்கள். ஒன்றரை வருடம் கழித்துப் பார்த்தால், வழக்கமான குழுவில் 16 சதவீதம் பேருக்கு நோய் அடங்கியிருந்தது. அடிக்கடி அளந்து பார்த்த குழுவில் 65 சதவீதம் பேருக்கு. இதில் புது மருந்து ஒன்றும் கிடையாது. இரண்டு பக்கமும் பழைய மாத்திரைகள், பழைய ஊசிகள்தான். அளந்ததும், அளந்ததை வைத்து உடனே முடிவெடுத்ததும்தான் வித்தியாசம். இந்தத் துறையில் எனக்கு மிகவும் பிடித்த ஆய்வு எது என்று யாராவது கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

அந்தக் கெடுவுக்கு வருகிறேன். யூலார் எனப்படும் ஐரோப்பிய மூட்டுவாதவியல் அமைப்பு 2010-லிருந்து முடக்குவாதத்துக்குப் பரிந்துரைகள் வெளியிட்டு, சில வருடங்களுக்கு ஒருமுறை புதுப்பித்தும் வருகிறது. நோய் தீவிரமாக இருக்கும்வரை ஒன்று முதல் மூன்று மாதங்களுக்கு ஒருமுறை பார்க்க வேண்டும். மூன்று மாதத்தில் முன்னேற்றம் தெரியாவிட்டாலோ, ஆறு மாதத்தில் இலக்கை எட்டாவிட்டாலோ சிகிச்சையை மாற்றியமைக்க வேண்டும். இலக்கு என்றால் நோய் அடங்கிய நிலை. அது முடியாதவர்களுக்கு, குறைந்த அளவில் நோய் இருக்கும் நிலை. ‘கொஞ்சம் பரவாயில்லை’ என்பது இலக்கு இல்லை. ஒரே மருந்துச் சீட்டை வருடக்கணக்கில் புதுப்பித்துக்கொண்டிருப்பவர்கள், என் நோய் இப்போது எந்த அளவில் இருக்கிறது டாக்டர் என்று தாராளமாகக் கேட்கலாம்.

அதை டாக்டர்களான நாங்கள் எப்படி அளக்கிறோம்? பெரும்பாலும் கட்டைவிரலால்தான். தோள்கள், முழங்கைகள், மணிக்கட்டுகள், விரல் கணுக்கள், முழங்கால்கள் என்று 28 மூட்டுகளை ஒவ்வொன்றாக அழுத்திப் பார்ப்போம். அழுத்துகிறவரின் நகத்தடி வெளுக்கும் அளவுக்கு அழுத்த வேண்டும் என்பது கணக்கு. எத்தனை வலிக்கிறது, எத்தனை வீங்கியிருக்கிறது என்று குறித்துக்கொண்டு, அதோடு அழற்சியின் அளவைக் காட்டும் ஈ.எஸ்.ஆர். அல்லது சி.ஆர்.பி. ரத்தப் பரிசோதனையையும், நீங்கள் எப்படி உணர்கிறீர்கள் என்பதற்கு நீங்களே போடும் மதிப்பெண்ணையும் சேர்த்தால் ஓர் எண் கிடைக்கும். இதில் ஓர் ஓட்டை உண்டு: அந்த 28-ல் பாதங்கள் வராது. கால்விரல் மூட்டு வீங்கிக்கிடந்தாலும் எண் அழகாக இருக்கும். அதனால் செருப்பைக் கழற்றிக் காலைக் காட்டுங்கள்.

முதல் மருந்து பெரும்பாலும் மெத்தோட்ரெக்சேட். இங்கே மட்டும் கொஞ்சம் நின்று பேச வேண்டும். இது வாரத்துக்கு ஒருநாள் எடுக்கும் மருந்து. தினமும் எடுக்கும் மாத்திரைகளோடு பழகிய கை, இதையும் தினமும் எடுத்துவிடும். அப்படி எடுத்து எலும்பு மஜ்ஜை செயலிழந்து இறந்தவர்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள். எந்தக் கிழமை என்று சீட்டில் எழுதி வாங்குங்கள். மருந்துப் பெட்டியின் மேலும் எழுதிவையுங்கள். வாய்ப்புண் கடுமையாக வந்தாலோ, காய்ச்சல் வந்தாலோ அந்த வார மாத்திரையைப் போடாமல் டாக்டரைக் கூப்பிடுங்கள். கூடவே தரும் ஃபோலிக் அமிலத்தைச் சும்மா சத்து மாத்திரை என்று விட்டுவிடக்கூடாது. பக்கவிளைவைக் குறைப்பதே அதுதான். சிறுநீர்த் தொற்றுக்கு வேறு டாக்டரிடம் போனால், மெத்தோட்ரெக்சேட் எடுப்பதை முதலில் சொல்லிவிடுங்கள். கோட்ரைமாக்சசோல் என்ற ஆன்டிபயாட்டிக்கும் இதுவும் சேர்ந்தால் ஆபத்து. கர்ப்ப காலத்தில் இந்த மருந்து கூடவே கூடாது. குழந்தைக்குத் திட்டமிடுகிறவர்கள் முன்கூட்டியே பேசி மருந்தை மாற்றிக்கொள்ள வேண்டும்.

அப்புறம் ஸ்டீராய்டு. 1948-ல் அமெரிக்காவின் மேயோ கிளினிக்கில் பிலிப் ஹென்ச் என்ற மருத்துவர், முடக்குவாதத்தால் முடங்கிக்கிடந்த ஒரு பெண்ணுக்குக் கார்ட்டிசோன் என்ற ஸ்டீராய்டு ஊசியைப் போட்டார். சில நாட்களில் அவர் எழுந்து நடந்தார். 1950-லேயே ஹென்சுக்கும் அவரோடு இருவருக்கும் நோபல் பரிசு கிடைத்துவிட்டது. எலும்புத் தேய்வு, சர்க்கரை, தொற்று என்று அதற்குக் கொடுக்க வேண்டிய விலை என்ன என்பது அதன்பிறகுதான் மெல்லத் தெரியவந்தது. இன்றைக்கும் இதில் நெறிமுறைகளுக்குள்ளேயே கருத்து வேறுபாடு உண்டு. ஆரம்பத்தில் கொஞ்ச காலம் கொடுத்து, முடிந்தவரை சீக்கிரம் நிறுத்துங்கள் என்கிறது யூலார். முடிந்தால் இல்லாமலே தொடங்குங்கள் என்பது அமெரிக்க மூட்டுவாதவியல் அமைப்பின் 2021 நெறிமுறை. அந்த 2021 நெறிமுறையில் 44 பரிந்துரைகள். அவற்றில் உறுதியானவை என்று அவர்களே சொல்வது 7-ஐ மட்டும். மீதி 37-ம் நிபந்தனைக்குட்பட்டவை, அதாவது நோயாளியின் நிலையையும் விருப்பத்தையும் பார்த்து முடிவு செய்ய வேண்டியவை. இப்படி வெளிப்படையாகச் சொல்வதால்தான் எனக்கு அதன்மேல் மரியாதை. ஒன்றில் மட்டும் எல்லோருக்கும் ஒரே கருத்து: பல வாரம் எடுத்த ஸ்டீராய்டைத் திடீரென்று நீங்களாக நிறுத்தக்கூடாது. உடம்பு தன் சொந்த ஸ்டீராய்டைச் சுரப்பதை மறந்திருக்கும்; ரத்த அழுத்தம் சரிந்து உயிருக்கே ஆபத்தாகலாம்.

இந்தத் துறையின் இன்னொரு நோய் லூபஸ்; எதிர்ப்புசக்தி மூட்டு, தோல், சிறுநீரகம் என்று பல உறுப்புகளைத் தாக்குவது. அதில் அடித்தளமான மருந்து ஹைட்ராக்சிகுளோரோகுயின். உடல் எடையில் கிலோவுக்கு நாளொன்றுக்கு 5 மில்லிகிராம் என்பது கணக்கு. விழித்திரையைப் பாதிக்கக்கூடும் என்பதால் தொடக்கத்தில் ஒரு கண் பரிசோதனை, ஐந்து வருடம் கழித்து வருடாவருடம். சிறுநீரகக் கோளாறு இருந்தால் இன்னும் முன்னதாகவே. கர்ப்பத்திலும் இதைத் தொடரலாம். பயந்து நிறுத்தினால்தான் நோய் கிளம்பும். உடம்பின் சொந்த செல்களுக்கு எதிரான ஆன்டிபாடிகளைத் தேடும் ஏ.என்.ஏ. ரத்தப் பரிசோதனை பாசிட்டிவ் என்றதும் லூபஸ் வந்துவிட்டதாகக் கலங்கி வருகிறவர்கள் நிறைய. ஆரோக்கியமானவர்கள் பலருக்கும் அது பாசிட்டிவாக இருக்கும். அறிகுறி இல்லாமல் அந்தத் தாளுக்கு மட்டும் யாரும் மருந்து கொடுப்பதில்லை.

பழைய மருந்துகளுக்கு நோய் அடங்காதபோது தரும், எதிர்ப்புசக்தியின் குறிப்பிட்ட பகுதியை மட்டும் தடுக்கும் பயாலஜிக் ஊசிகளைத் தொடங்குமுன் காசநோய், ஹெபடைட்டிஸ் பி பரிசோதனைகள் அவசியம். உள்ளே உறங்கும் கிருமி விழித்துக்கொள்ளும் என்பதால் இதில் சமரசம் கிடையாது. தடுப்பூசிகளையும் முடிந்தவரை முன்பே போட்டுக்கொள்வது நல்லது.

இதுவரை சொன்னது மாதக்கணக்கில் ஓடும் கெடு. மணிக்கணக்கில் ஓடும் ஒன்றும் உண்டு. ஐம்பது வயதுக்கு மேல் ஒருவருக்கு இதுவரை இல்லாத தலைவலி, தலை வாரும்போது தலைத்தோலில் வலி, மெல்லும்போது தாடையில் வலி, பார்வையில் மங்கல் வந்தால் ஜயண்ட் செல் ஆர்ட்டிரைட்டிஸ் என்ற ரத்தநாள அழற்சியைச் சந்தேகிக்க வேண்டும். கண் நரம்புக்குப் போகும் ரத்தம் அடைபட்டால் போன பார்வை பெரும்பாலும் திரும்பாது. ஆகவே சந்தேகம் வலுவாக இருந்தால், ரத்தநாளத்தில் சிறு துணுக்கை எடுத்துச் சோதிக்கும் பயாப்சியின் முடிவுக்குக் காத்திருக்காமல் அதிக அளவு ஸ்டீராய்டைத் தொடங்கிவிட வேண்டும் என்கின்றன நெறிமுறைகள். சற்றுமுன் அவ்வளவு எச்சரித்த அதே ஸ்டீராய்டுதான். இந்த அறிகுறிகள் இருந்தால் அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போங்கள், நாளைக்கு வேண்டாம்.

நன்றி, வணக்கம்.