ஜெயித்தால் தருகிறோம்

நேயர்களுக்கு வணக்கம்.

நம் ரூபாய் நோட்டில் 'தர உறுதியளிக்கிறேன்' என்று ரிசர்வ் வங்கி ஆளுநர் கையெழுத்திட்டிருப்பார். அமெரிக்க உள்நாட்டுப் போரில் நாட்டிலிருந்து பிரிந்துபோன தென்மாநிலக் கூட்டமைப்பு 1864-இல் வெளியிட்ட பத்து டாலர் நோட்டிலும் உறுதிமொழி உண்டு. குதிரைகள் பீரங்கியை இழுத்துக்கொண்டு ஓடும் படம். அதோடு ஒரு நிபந்தனை. அமெரிக்காவுடன் சமாதான உடன்படிக்கை உறுதியாகி இரண்டாண்டு கழித்துத்தான் பணம் கிடைக்கும்! ஜெயித்தால் தருகிறோம் என்று பொருள். தோற்றால் கேட்பதற்கு ஆள் இருக்காது.

தெற்கின் சொத்தெல்லாம் நிலத்திலும், சொத்தாகவே கணக்கெழுதப்பட்ட அடிமை மனிதர்களிடமும் முடங்கிக் கிடந்தது. தங்கம் சொற்பம். வரி போடவும் தயக்கம். கையில் இருந்தது பருத்தி. அதையும் 1861-இல் ஏற்றுமதி செய்யாமல் பிடித்துவைத்தார்கள். பஞ்சில்லாமல் தவிக்கும் இங்கிலாந்து நம் பக்கம் ஓடி வரும் என்று கணக்குப் போட்டார்கள். இங்கிலாந்தின் லங்காஷயர் பஞ்சாலைகளிலோ பழைய இருப்பு இருந்தது. தப்புக் கணக்கு புரிந்தபோது வடக்கின், அதாவது அமெரிக்க அரசின், கடற்படை துறைமுகங்களை வளைத்திருந்தது. 1862 ஏப்ரலில் தெற்கின் பெரிய துறைமுகமான நியூ ஆர்லியன்ஸும் கைவிட்டுப் போயிற்று.

மறு ஆண்டு, பாரிஸின் எர்லாங்கர் வங்கி மூலம் 30 லட்சம் பவுண்டுக்குக் கடன் பத்திரம் விற்றார்கள். வட்டி 7 சதவீதம். விரும்பினால் பருத்தியாகவும் வாங்கிக்கொள்ளலாம், ராத்தல் (சுமார் அரை கிலோ) ஆறு பென்ஸ். கொள்ளை மலிவுதான். ஆனால் சரக்கை ரயில் பாதைக்கோ ஆற்றுக்கோ பத்து மைலுக்குள் கொண்டுவந்து போடுவது மட்டுமே அவர்கள் பொறுப்பு. போர்க்கப்பல்களுக்கு நடுவே அதைக் கடத்திப் போவது வாங்கியவர் பாடு.

பிறகு மிஞ்சியது அச்சு இயந்திரம். நோட்டை அச்சடித்துத் தள்ள, விலைவாசி ஏறியது. 1863 ஏப்ரல் 2 அன்று தலைநகர் ரிச்மண்டில் பெண்கள் ரொட்டி கேட்டுத் தெருவில் இறங்கிக் கடைகளை உடைத்தார்கள். சிப்பாயின் மாதச் சம்பளம் அப்போது 11 டாலர், அதுவும் இதே காகிதத்தில். பிள்ளைகள் பட்டினி என்று வீட்டிலிருந்து கடிதம் வந்தால் அவன் எத்தனை நாள் பதுங்குகுழியில் இருப்பான்? பலர் ஊருக்கு நடையைக் கட்டினார்கள்.

வடக்கும் நோட்டு அச்சடித்தது. கூடவே வருமான வரியும் போட்டது. பிலடெல்பியாவின் வங்கியாளர் ஜே குக், அரசின் 50 டாலர் கடன் பத்திரங்களை ஊர் ஊராக முகவர் வைத்து விற்றார். சமர்த்தான ஏற்பாடு என்பேன். பத்திரம் வாங்கிய குடியானவனுக்குப் போரில் தன் காசும் இருந்தது.

1868-இல் அமெரிக்க அரசமைப்பின் பதினான்காவது திருத்தம் தெற்கின் போர்க்கடன் முழுவதையும் செல்லாததாக்கியது. எர்லாங்கர் பத்திரத்தை வைத்திருந்த ஆங்கிலேயர்கள் அதற்குப் பிறகும் பல ஆண்டுகள் பணம் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.