கார்டை முதலில் மாற்றுங்கள்

நேயர்களுக்கு வணக்கம்.

எங்கள் வீட்டில் ஒரு மியூ மினி பிளஸ் இருக்கிறது. சட்டைப் பையில் அடங்கிவிடும் கேம் கருவி. 3.5 அங்குலத் திரை, 128 எம்பி ராம், அவ்வளவுதான். இன்றைய செல்போன்களுக்கு முன்னால் இது ஒன்றுமே இல்லை. ஆனால் 1989-ல் வந்த கேம் பாய் என்ற பழைய கையடக்கக் கருவியின் விளையாட்டுகளுக்கு இதுவே தாராளம்.

வாங்கிய மூன்றாம் மாதம், கூடவே வந்த மெமரி கார்டு செத்துப்போனது. என் மகள் நாள் கணக்கில் ஆடிச் சேர்த்து வைத்திருந்த ஆட்டமெல்லாம் அதோடு போயிற்று. அன்று ராத்திரி அவள் சாப்பிடவே இல்லை. அதனால்தான் இதை முதலில் சொல்கிறேன்: கருவி கைக்கு வந்த அன்றே, பெயர் தெரிந்த கம்பெனியின் கார்டு ஒன்றை நம்பகமான கடையில் வாங்கிவிடுங்கள்.

புதுக் கார்டு வாங்கியாயிற்று என்றால், ஃபர்ம்வேரையும், அதாவது கருவியை இயக்கும் மென்பொருளையும், மாற்றிவிடலாம். ஆர்வலர்கள் கூடி எழுதி இலவசமாகக் கொடுக்கும் ஆனியன் ஓஎஸ் என்ற மென்பொருள் மியூ மினி வகைக் கருவிகளுக்கென்றே வந்தது. 'கை வைத்தால் கருவி ஒன்றுக்கும் உதவாத செங்கல்லாகிவிடுமோ' என்று பலர் பயப்படுகிறார்கள். இங்கே அந்தப் பயம் வேண்டாம். ஆனியன் கார்டிலேயே குடியிருக்கிறது. ஆன் செய்ததும், கார்டில் குறிப்பிட்ட ஒரு ஃபோல்டர் இருக்கிறதா என்று கருவி பார்க்கும். இருந்தால் ஆனியன் ஓடும். கார்டை உருவிவிட்டால் கம்பெனி கொடுத்த பழைய மென்பொருள் அப்படியே இருக்கும்.

கார்டில் கோப்புகளை அடுக்கி வைக்கப் பல முறைகள் உண்டு; ஆனியனுக்குக் கார்டு ஃபேட்32 என்ற முறையில் ஃபார்மட் ஆகியிருக்க வேண்டும். பலர் தடுக்கி விழும் இடம் இதுதான். 64 ஜிபி கார்டுகள் கடையிலிருந்து எக்ஸ்ஃபேட் என்ற வேறு முறையில் வரும். பெரும்பாலான விண்டோஸ் கம்ப்யூட்டர்களில் வலது கிளிக் செய்து ஃபார்மட் கொடுத்தால், 32 ஜிபிக்கு மேற்பட்ட கார்டுக்கு ஃபேட்32 என்ற தேர்வே வராது. ரூஃபஸ் என்ற இலவச மென்பொருள் அதைச் செய்துகொடுக்கும்.

அப்புறம் ஆனியனைச் சுருக்கிக் கட்டிக் கொடுக்கும் ஜிப் கோப்பை இறக்கிப் பிரித்து, உள்ளே இருப்பதை எல்லாம் கார்டில் காப்பி செய்ய வேண்டும். மேக் அல்லது லினக்ஸ் வைத்திருப்பவர்கள் கொஞ்சம் கவனியுங்கள். நான் சொன்ன அந்த ஃபோல்டரின் பெயர் ஒரு புள்ளியில் தொடங்குகிறது. அதனால் திரையில் அது கண்ணுக்குத் தெரியாது. அதை விட்டுவிட்டால் ஆனியன் கிளம்பவே கிளம்பாது. மறைந்த கோப்புகளைக் காட்டச் சொல்லிவிட்டுக் காப்பி செய்யுங்கள். சார்ஜ் நிறைய இருக்கும்போது கார்டைப் போட்டு ஆன் செய்தால், மீதியை அதுவே பார்த்துக்கொள்ளும்.

எனக்கு ஆனியனில் மிகவும் பிடித்தது ஒன்று உண்டு. ஆட்டத்தின் நடுவில் பவர் பட்டனை அழுத்திப் பிடித்தால், அந்த நொடியைச் சேமித்துவிட்டு அணையும். மறுநாள் ஆன் செய்தால், தாவிக்கொண்டிருந்த வீரன் அதே அந்தரத்தில் நிற்பான். பள்ளிக்கூட வேன் ஹாரன் அடிக்கும்போது இதன் அருமை தெரியும்.

விளையாட்டுகளுக்குக் காப்புரிமை உண்டு. கார்டில் ஆயிரக்கணக்கில் நிரப்பி விற்கிறார்கள் என்பதால் அது முறையாகிவிடாது. பழைய கருவிகளுக்காக இன்றும் புதிதாக விளையாட்டு எழுதி இலவசமாகக் கொடுப்பவர்கள் இருக்கிறார்கள். அங்கிருந்து தொடங்கலாம்.

கார்டில் சேவ்ஸ் என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். ஆடியதெல்லாம் அதில்தான். ஞாயிற்றுக்கிழமை தோறும் அதைக் கம்ப்யூட்டரில் காப்பி எடுத்து வைப்பது இப்போது என் மகளின் வேலை. நான் மறந்தாலும் அவள் மறப்பதில்லை.

வணக்கம்.