முதலில், பாட்டு இருக்கா?

நடுவர் அவர்களே, அவையோருக்கு வணக்கம். பாட்டுச் செயலியைத் தேர்ந்தெடுக்கும்போது முதலில் பார்க்க வேண்டியது பாட்டு இருப்பா, ஒலித்தரமா? இதுதான் தலைப்பு. நான் இருப்பின் பக்கம்.

எனக்கு முன்னால் பேசிய எதிரணி நண்பர் 'லாஸ்லெஸ்' என்ற சொல்லை 11 முறை சொன்னார், எண்ணிக்கொண்டே இருந்தேன். பதிவில் இருந்த ஒலி எதுவும் குறையாமல் அப்படியே வருவதுதான் அது. ஆப்பிள் மியூசிக் 2021-இல் கூடுதல் கட்டணமே வாங்காமல் அதைக் கொடுத்தது, ஒலி நுணுக்கம் 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் வரை போகிறது என்றார். உண்மைதான். ஆனால் அவர் உட்கார்ந்ததும் கழுத்தைப் பார்த்தேன். ப்ளூடூத் நெக்பேண்ட்! ஐயா, ப்ளூடூத் பாட்டைச் சுருக்கித்தான் அனுப்பும். அந்த 192-ஐ முழுசாகக் கேட்கத் டிஜிட்டல் பாட்டை ஒலியாக மாற்றித் தரும் டி.ஏ.சி. கருவி தனியாக வேண்டும் என்று ஆப்பிளே சொல்கிறது. அண்டா நிறையப் பாலைக் காய்ச்சிவிட்டுப் பாலாடையில் குடிக்கிற கதை இது.

கேசட் காலத்தை நினைத்துப் பாருங்கள். ரெக்கார்டிங் சென்டருக்கு நோட்டுத்தாளில் 12 பாட்டு எழுதிக்கொண்டு போவோம். அடியில் உபரியாக இரண்டு. மேலே எழுதியதில் ஏதாவது கடையில் இல்லாவிட்டால் போடுவதற்கு. கடைக்காரர் பேனாவால் டிக் அடித்துக்கொண்டே வருவார். "இது இல்ல தம்பி" என்று ஒரு இடத்தில் பேனா நின்றால் மனசு சுருங்கிவிடும். ஒலி நன்றாக இருக்கும் குரோம் டேப்பா, சாதா டேப்பா என்ற பேச்சு அப்புறம்தான்.

இன்றைக்கும் அந்தப் பேனா நிற்கத்தான் செய்கிறது. 2019-இல் ஸ்பாட்டிஃபை இந்தியாவுக்கு வந்தது. எச்.எம்.வி. காலத்துப் பழைய பாட்டுகளைக் கையில் வைத்திருக்கும் சரிகம நிறுவனம் டெல்லி உயர் நீதிமன்றத்துக்குப் போனது. அந்தப் பாட்டுகள் ஸ்பாட்டிஃபையிலிருந்து வெளியே போயின. ஒப்பந்தம் போட்டுத் திரும்பி வர 2020 ஆயிற்று. 2023-இல் ஜீ மியூசிக் பாட்டுகளுக்கும் அங்கே அதே கதி. ரெஸ்ஸோ, விங்க் என்று கடையையே மூடிவிட்டுப் போனவையும் உண்டு.

என் அம்மாவுக்காக ஒரு செயலியில் 40 பாட்டு சேர்த்து வைத்திருந்தேன். எந்தச் செயலி என்று கேட்காதீர்கள். ஒரு நாள் காலையில் ஏழு பாட்டின் பெயர் சாம்பல் நிறத்தில் மங்கிக் கிடந்தது. தொட்டால் அசைவில்லை. "செல்லு ரிப்பேராடா?" என்றார். உரிமம், ஒப்பந்தம் என்றெல்லாம் எப்படி விளக்குவது? "வாடகைக்குத்தாம்மா எடுத்திருந்தோம், வீட்டுக்காரன் காலி பண்ணச் சொல்லிட்டான்" என்றேன். உடனே புரிந்தது அவருக்கு. அந்த ஏழில் ஒன்றைத் தேடினால் அதே பெயரில் கரோக்கே வருகிறது, மெதுவாக்கிய லோ-ஃபை வருகிறது, யாரோ கிடாரோடு பாடியதும் வருகிறது. மூலப்பாட்டைத் தவிர மற்றதெல்லாம் வருகிறது!

"எல்லாரிடமும் 10 கோடிப் பாட்டு இருக்கிறது, இருப்பில் வித்தியாசமே இல்லை" என்று எதிரணி சொல்லக்கூடும். கேட்க நல்ல வாதம்தான். ஆனால் அந்த 10 கோடியில் நான் கேட்கப்போவது ஐந்நூறு. என் ஐந்நூறு அதில் இருக்கிறதா? காசு கட்டுவதற்கு முன்னால் இருபது பாட்டை எழுதி எடுத்துக்கொண்டு ஒவ்வொரு செயலியிலும் தேடிப் பாருங்கள். அதில் ஒரு வில்லுப்பாட்டும், உங்கள் ஊர்க் கொடைக்குப் போடுகிற ஒரு அம்மன் பாட்டும் இருக்கட்டும். வித்தியாசம் அங்கே தெரியும்.

யூடியூப் மியூசிக்கில் லாஸ்லெஸ் கிடையாது, உச்சமே 256 கே.பி.பி.எஸ்., அதாவது சுருக்கிய ஒலிதான். அம்மா ரொம்ப நாளாகக் கேட்டுக்கொண்டிருந்த ஒரு நாதஸ்வரக் கச்சேரி எனக்கு அங்கேதான் கிடைத்தது. யாரோ ஒரு புண்ணியவான் தன் வீட்டுக் கேசட்டிலிருந்து ஏற்றியிருக்கிறார். முதல் நிமிடம் முழுக்க டேப் இரைச்சல், நடுவில் ஒரு குழந்தை அழுகிறது. அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்தார். தவில் தனி ஆவர்த்தனம் முடியும் வரை எழுந்திருக்கவில்லை.

மணி அடித்துவிட்டீர்கள், முடித்துக்கொள்கிறேன். அடுத்து வரும் எதிரணிப் பேச்சாளரையாவது, கழுத்தில் நெக்பேண்ட் இருந்தால் கழற்றி வைத்துவிட்டுப் பேசச் சொல்லுங்கள். வணக்கம்.