மறுமதிப்பீட்டு முடிவு வரவில்லையா?

நேயர்களுக்கு வணக்கம். மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டிவிட்டு முடிவுக்குக் காத்திருக்கும் பிள்ளைகள் உங்கள் வீட்டிலும் இருக்கலாம். முடிவு வருவதற்குள் அரியர் தேர்வுக்குக் கட்டணம் கட்டக் கடைசி நாள் வந்து நிற்கும்.

ஒரு மாணவியின் தந்தை என்னைப் பார்க்க வந்தார். பல்கலைக்கழகத்துக்குப் போன் செய்து செய்து அலுத்துப்போயிருந்தார். "ஒவ்வொரு தடவையும் அடுத்த வாரம் வந்துடும்னு சொல்றாங்க சார்." எழுதிக் கொடுத்தீர்களா என்று கேட்டேன். "எழுதினா கோவிச்சுக்கிட்டு மார்க்குல கை வெச்சிருவாங்களோன்னு பயம் சார்." பெற்றோர் பலருக்கும் இந்தப் பயம் உண்டு. திருத்துகிறவர் கைக்குப் போவது டம்மி எண் போட்ட விடைத்தாள்தான், பெயர் எங்கே தெரியப்போகிறது?

அங்கேயே மகளை எழுதச் சொன்னேன். பதிவெண், பாடக் குறியீடு, பணம் கட்டிய ரசீது எண், தேதி. கீழே ஒரு வரி: அரியர் கட்டணத்துக்கு இன்ன தேதி கடைசி, அதற்குள் முடிவைத் தெரிவியுங்கள். தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்குத் தபாலில் அனுப்பி, ஒப்புகையைப் பத்திரப்படுத்தினார்கள். வழக்குப் போட வேண்டிய அவசியமே வரவில்லை, முடிவு வந்துவிட்டது.

கடிதம் கடிதம் என்று நான் ஏன் அடித்துக்கொள்கிறேன்? அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம், அதாவது கடமையைச் செய்யும்படி பல்கலைக்கழகத்துக்கு உத்தரவிடுங்கள் என்று கேட்கும் மனு. ஆனால் "முறைப்படி கேட்டேன், செய்யவில்லை" என்று அங்கே காட்டியாக வேண்டும். போனில் பேசியதை எப்படிக் காட்டுவீர்கள்? இன்னொன்று, மார்க் போடச் சொல்லி நீதிமன்றத்தைக் கேட்காதீர்கள். விடைத்தாளைத் திருத்துவது நீதிமன்றத்தின் வேலையல்ல என்று 2018-இலும் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இத்தனை வாரத்துக்குள் முடிவை வெளியிட உத்தரவிடுங்கள் என்று கேளுங்கள். அது நியாயமான கோரிக்கை.

நுகர்வோர் மன்றத்துக்குப் போகலாமே என்பார்கள். அலைச்சல்தான் மிச்சம். தேர்வு எழுதுபவர் நுகர்வோர் அல்லர் என்று உச்ச நீதிமன்றம் 2009-இல் ஒரு தேர்வு வாரிய வழக்கிலேயே சொல்லிவிட்டது.

நிலையத்தார் கடிகாரத்தைக் காட்டுகிறார்கள், மீதியை வேகமாகச் சொல்லிவிடுகிறேன். விடைத்தாள் நகலைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். 2011-இல் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு இருக்கிறது, 30 நாளில் பதில் தர வேண்டும். பல்கலைக்கழக மானியக் குழுவான யுஜிசியின் 2023 விதிகளின்படி கல்லூரியிலும் பல்கலைக்கழகத்திலும் மாணவர் குறைதீர்க்கும் குழு இருக்க வேண்டும். தேர்வு முடிவு தாமதமானால் அங்கே புகார் செய்யலாம். குழுவின் முடிவு திருப்தி இல்லையென்றால் 15 நாளுக்குள் பல்கலைக்கழகத்தின் குறைதீர்ப்பாளரிடம் (ஓம்பட்ஸ்பெர்சன்) மேல்முறையீடு. வழக்கறிஞருக்குப் பணமில்லையா? மாணவிகளுக்கு வருமான வரம்பே பார்க்காமல் சட்ட உதவி இலவசம், மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள். வணக்கம்.