பெர்பெத்துவா: ஒரு லத்தீன் பெயரும் அதைச் சுமந்த பெண்ணும் (நேயர் சந்தேகத்துக்கு விளக்கம்)

வணக்கம். இன்றைக்கு நாலைந்து சந்தேகங்களை எடுத்துக்கொள்ளலாம் என்றுதான் நினைத்திருந்தேன். ஆனால் ஒரு கேள்வி என்னை விடவே இல்லை, அதனால் மற்றவை அடுத்த முறைக்கு. கல்யாணப் பத்திரிகை அச்சடிக்கிற கடையில் டிடிபி வேலை பார்க்கும் ஒரு நேயர் கேட்டிருக்கிறார். "ஆங்கிலத்தில் பத்திரிகை அடிக்கும்போது பெர்பெச்சுவா என்ற எழுத்துருவை அடிக்கடி போடுவேன். அது ஒரு லத்தீன் பெண் பெயர் என்று கடைக்கு வந்த ஒருவர் சொன்னார். நிஜமாகவே அப்படி ஒரு பெயர் உண்டா? அதற்கு என்ன அர்த்தம்? இப்போதும் யாராவது வைக்கிறார்களா?"

எழுத்துருப் பட்டியலைப் பார்த்து இப்படி ஒரு கேள்வி கேட்கத் தோன்றியதே, அதற்காகவே அவரைக் கட்டிக்கொள்ள வேண்டும்போல் இருந்தது. உண்டு. பெண் பெயர்தான். லத்தீனில் பெர்பெத்துவா, ஆங்கிலேயர் வாயில் பெர்பெச்சுவா. இனி நான் பெர்பெத்துவா என்றே சொல்கிறேன்.

முதலில் அர்த்தம். பெயர் அகராதிகளைத் திறந்தால் 'நிரந்தரமானவள்', 'என்றென்றும்' என்று போட்டிருப்பார்கள். தவறில்லை, ஆனால் லத்தீனில் 'அழிவில்லாத, காலத்துக்கு அப்பாற்பட்ட' என்பதற்கு எட்டெர்னுஸ் என்று வேறு சொல் இருக்கிறது. பெர்பெத்துவுஸ் என்பது அறுபடாமல் போய்க்கொண்டே இருப்பது, நடுவில் நிற்காதது. ரோமானியக் கவிஞர் ஒவிட் தன் மெட்டமார்ஃபோசிஸ் காவியத்தைத் தொடங்கும்போது, உலகம் தோன்றியதிலிருந்து தன் காலம்வரை வரும் பாடலை 'கார்மென் பெர்பெத்துவும்' என்கிறார், அதாவது இடையில் முறியாத ஒரே நீளப் பாட்டு. கி.மு. 44-இல் ஜூலியஸ் சீசர் கொல்லப்படுவதற்குக் கொஞ்சம் முன்னால் அடித்த நாணயங்களில் 'டிக்டேட்டர் பெர்பெத்துவோ' என்று இருக்கும். பதவிக்காலம் முடியாத சர்வாதிகாரி என்று பொருள். அந்த வார்த்தையே அவருக்கு வினையாகவும் போயிற்று. சரி, அர்த்தம் அவ்வளவுதான்: விட்டுப் போகாதவள், தொடர்ந்து நிற்பவள்.

இனிமேல்தான் எனக்குப் பிடித்த இடம். ரோமானியப் பெயர்களைப் பற்றிய பேச்சுகளைத் தொடர்ந்து கேட்டு வருகிறவர்களுக்கு நான் என்ன சொல்லப் போகிறேன் என்று தெரியும், இருந்தாலும் திரும்பவும் சொல்வேன். குடியரசுக் காலத்து ரோமில் பெரிய வீட்டுப் பெண்ணுக்கு, பெரும்பாலும், அவளுக்கென்று ஒரு பெயர் கிடையாது. அப்பாவின் குலப்பெயரைப் பெண்பாலாக மாற்றினால் அதுதான் அவள் பெயர். அப்பா துல்லியுஸ் சிசரோ, மகள் துல்லியா. ஜூலியஸ் சீசரின் மகள் ஜூலியா. அவருடைய சகோதரிகள் இருவரும் ஜூலியா. அவருடைய அத்தை, மாரியுஸ் என்ற தளபதியைக் கட்டியவர், அவரும் ஜூலியா! மார்க் ஆன்டனிக்கு ஒக்டாவியா என்ற மனைவியிடம் இரண்டு பெண்கள், இரண்டு பேரும் அன்டோனியா, பெரியவள் சின்னவள் என்றுதான் சரித்திரத்தில் பிரித்துச் சொல்கிறார்கள். மூன்றாவதாக ஒரு பெண் பிறந்தால் 'தெர்சியா', அதாவது மூன்றாமவள். நம் ஊரில் இனிஷியல் மட்டும் இருந்து, அதற்குப் பின்னால் எழுத வேண்டிய பெயர் இல்லாவிட்டால் எப்படி இருக்கும், அப்படி.

பேரரசுக் காலத்தில் இது மாறுகிறது. குலப்பெயரோடு இரண்டாவதாக ஒரு பெயரும் பெண்களுக்கு வருகிறது. அக்ரிப்பினா, துருசில்லா, சபினா எல்லாம் அப்படி வந்தவை. ஹாட்ரியன் சக்கரவர்த்தியின் மனைவி பெயர் விபியா சபினா. விபியா என்பது குலம், சபினா என்பது அவளைக் குறிப்பது. நாம் பேசும் பெண்ணின் முழுப்பெயரும் அதே அமைப்புதான்: விபியா பெர்பெத்துவா.

சரி, யார் இந்த விபியா பெர்பெத்துவா? கி.பி. 203, வட ஆப்பிரிக்கா, இன்றைய துனீசியாவில் இருக்கிற கார்த்தேஜ். ரோமில் ஆட்சி செய்தவர் செப்டிமியுஸ் செவெருஸ். பெர்பெத்துவாவுக்கு ஏறக்குறைய 22 வயது. நல்ல குடும்பம், நன்றாகப் படிக்க வைத்திருக்கிறார்கள், முறைப்படி கல்யாணம் ஆனவள், கையில் பால்குடிக்கும் ஆண் குழந்தை. கணவன் யார், எங்கே போனான் என்று அவள் கதையைச் சொல்லும் பழைய நூலில் ஒரு வரி கூட இல்லை. கிறிஸ்தவளாக மாறத் தயாராகிக்கொண்டிருந்தபோது அவளைக் கைது செய்கிறார்கள். கூடவே ரெவொகாத்துஸ், ஃபெலிசிதாஸ் என்று அடிமைகள் இருவர், இன்னும் சிலர். ஃபெலிசிதாஸ் நிறைமாதத்தை நெருங்கும் கர்ப்பிணி. அந்த வருடம் மார்ச் 7-ஆம் தேதி, சக்கரவர்த்தியின் இளைய மகன் கெத்தாவின் பிறந்தநாள் விளையாட்டுகளில், இவர்களை மிருகங்களுக்கு முன்னால் விட்டுக் கொன்றார்கள்.

இது வரை சொன்னது ஒரு தியாகியின் கதை, அப்படிப்பட்ட கதைகள் நூற்றுக்கணக்கில் உண்டு. இவளைத் தனியாகக் காட்டுவது வேறு. சிறையில் இருந்தபோது அவள் எழுதினாள். 'இங்கிருந்து அவள் தன் கையாலேயே, தான் உணர்ந்தபடியே எழுதி வைத்தது' என்று அந்த நூலைத் தொகுத்தவர் சொல்லிவிட்டு ஒதுங்கிக்கொள்கிறார், அதன்பின் 'நான்' என்று அவள் பேசத் தொடங்குகிறாள். அந்தக் காலத்துப் பெண்களைப் பற்றி ஆண்கள் எழுதியது கொட்டிக் கிடக்கிறது. ஒரு பெண் தன்னைப் பற்றித் தானே எழுதி நம் கைக்கு வந்து சேர்ந்தது மிகமிகக் கொஞ்சம். கேட்டவர் பெயரின் அர்த்தத்தைக் கேட்டார், அது நியாயம். ஆனால் என்னிடம் கேட்டிருக்க வேண்டியது, அவள் என்ன எழுதினாள் என்பதைத்தான்.

எழுத்து தொடங்குவதே பெயரைப் பற்றிய ஒரு சண்டையில்தான். அப்பா வருகிறார். இதை விட்டுவிடு என்று கெஞ்சுகிறார். அவள் கேட்கிறாள்: "அப்பா, இங்கே கிடக்கிற இந்தப் பாத்திரத்தைப் பாருங்கள், ஒரு சின்னக் குடம் என்று வைத்துக்கொள்ளுங்கள், தெரிகிறதா?" தெரிகிறது என்கிறார். "அது எதுவோ அந்தப் பெயரைத் தவிர வேறு பெயரால் அதைக் கூப்பிட முடியுமா?" முடியாது என்கிறார். "அப்படித்தான் நானும், நான் எதுவோ அதைத் தவிர வேறாக என்னைச் சொல்லிக்கொள்ள முடியாது. நான் கிறிஸ்தவள்." அந்த வார்த்தையைக் கேட்டதும் கண்ணைப் பிடுங்கிவிடுவதுபோல அப்பா அவள் மேல் பாய்ந்தார் என்று எழுதுகிறாள்.

இதை நான் பல பேச்சுகளில் சொல்லியிருக்கிறேன், இன்னும் சொல்வேன், ஏனென்றால் முன்னால் சொன்னதோடு இதைச் சேர்த்துப் பாருங்கள். அப்பாவின் குலப்பெயரே தன் பெயராக இருந்த ஒரு சமூகத்தில் பிறந்த பெண், அந்த அப்பாவையே நேருக்கு நேர் பார்த்து, என் பெயர் இது என்கிறாள். விபியா அவர் கொடுத்தது. பெர்பெத்துவாவும் வீட்டில் வைத்ததுதான். 'கிறிஸ்தவள்' ஒன்றுதான் அவளாக எடுத்துக்கொண்டது.

அப்பா மறுபடி வருகிறார். அப்போது கையை முத்தமிடுகிறார், காலில் விழுகிறார், என் நரைத்த தலையைப் பார் என்கிறார், உன் குழந்தையைப் பார், நீ இல்லாமல் அது பிழைக்காது என்கிறார். அங்கே அவள் ஒரு வரி எழுதுகிறாள்: அவர் என்னை மகளே என்று கூப்பிடவில்லை, 'டோமினா' என்று கூப்பிட்டார். டோமினா என்றால் எஜமானி. ரோமானிய அப்பா மகளை அப்படிக் கூப்பிட்டதை அவள் கவனித்து, சிறைக்குள் உட்கார்ந்து எழுதியும் வைத்திருக்கிறாள். அவருக்காக அவள் மனம் வேகிறது, அது ஒவ்வொரு வரியிலும் தெரிகிறது. விசாரணை நடத்திய அதிகாரி ஹிலாரியானுஸ் அந்த வயதான மனிதரைக் கீழே தள்ளித் தடியால் அடிக்கச் சொன்னபோது, தன் மேலேயே அடி விழுந்ததுபோல் வலித்தது என்கிறாள். ஆனாலும் வார்த்தையை மாற்றவில்லை.

அப்புறம் அந்தக் குழந்தை. இதைப் படிக்கும்போதுதான் அவள் 22 வயதுத் தாய் என்பது உறைக்கும். சிறை இருட்டு, நெரிசல், புழுக்கம், இப்படி ஓர் இருட்டை நான் பார்த்ததே இல்லை என்கிறாள். எல்லாவற்றையும் விடக் குழந்தையைப் பற்றிய கவலைதான் அவளை வதைத்தது. தெர்சியுஸ், பொம்போனியுஸ் என்று இரண்டு திருத்தொண்டர்கள் காவலர்களுக்குப் பணம் கொடுத்து, சில மணி நேரம் சிறையின் கொஞ்சம் நல்ல பகுதிக்கு இவர்களை மாற்ற ஏற்பாடு செய்கிறார்கள். அங்கே பசியில் துவண்டிருந்த குழந்தைக்குப் பால் கொடுக்கிறாள். பிறகு குழந்தையைத் தன்னோடேயே வைத்துக்கொள்ள அனுமதி கிடைத்ததும், சிறை தனக்கு அரண்மனையாகிவிட்டது என்று எழுதுகிறாள். தண்டனை சொன்ன பிறகு அப்பா குழந்தையைத் திருப்பித் தர மறுத்துவிட்டார். அதற்கு மேல் குழந்தை பாலுக்கு ஏங்கவில்லை, தனக்கும் பால் கட்டிக்கொண்டு வலிக்கவில்லை என்கிறாள். ஒரு தாய் மட்டுமே எழுதக்கூடிய வரி அது. இந்த நூலை அவளே எழுதினாளா என்று சந்தேகப்படுகிறவர்களும் உண்டு, எனக்கு அந்த ஒரு வரி போதும்.

கனவுகளும் எழுதியிருக்கிறாள். வானம்வரை போகும் வெண்கல ஏணி, இரண்டு பக்கமும் வாளும் ஈட்டியும் கொக்கியும், அடியில் ஒரு பெரிய பாம்பு. அதன் தலையையே முதல் படியாக மிதித்து ஏறுகிறாள். மேலே ஆடு கறந்துகொண்டிருக்கிற ஓர் இடையர் ஒரு வாய் பாலாடைக்கட்டி தருகிறார், விழித்த பிறகும் ஏதோ இனிப்பை மென்றுகொண்டிருந்தேன் என்கிறாள். ஏழு வயதில் முகத்தில் புற்று வந்து இறந்துபோன தம்பி தினோக்ராத்தெஸ் இன்னொரு கனவில் வருகிறான். தாகத்தோடு நிற்கிறான், தொட்டியில் தண்ணீர் இருக்கிறது, விளிம்பு அவனுக்கு எட்டவில்லை. அவனுக்காக வேண்டிக்கொள்கிறாள். அடுத்த முறை பார்க்கும்போது விளிம்பு தாழ்ந்திருக்கிறது, குடித்துவிட்டு விளையாடப் போகிறான்.

கடைசியாக அவள் எழுதியது, விளையாட்டுக்கு முந்தைய நாள்வரை நடந்தது இது, அங்கே நடக்கப்போவதை விருப்பமுள்ளவர் எழுதட்டும் என்பது. வேறொருவர் எழுதினார். காட்டுப் பசு முட்டித் தள்ளியபோதும் கலைந்த கூந்தலைச் சரிசெய்ய ஊசி கேட்டாள், புதிதாக வந்த வாள்வீரனின் கை நடுங்கியபோது அந்தக் கையைத் தானே தன் கழுத்துக்குக் கொண்டுபோனாள் என்று. ஃபெலிசிதாஸுக்குச் சிறையிலேயே எட்டாம் மாதத்தில் பெண் குழந்தை பிறந்தது, அதைச் சபையைச் சேர்ந்த ஒரு பெண் மகளாக வளர்த்தாள்.

இந்த இரண்டு பெயர்களும் அதன்பின் பிரியவே இல்லை. ஃபெலிசிதாஸ் என்றால் நற்பேறு, மகிழ்ச்சி. இரண்டையும் சேர்த்தால் அறுபடாத மகிழ்ச்சி. அவர்களுடைய நினைவு நாளில் பிரசங்கம் செய்த புனித அகுஸ்தீன் இந்தப் பெயர்ப் பொருத்தத்தை விட்டுவைப்பாரா, திரும்பத் திரும்ப அதைச் சொல்லி மகிழ்ந்திருக்கிறார். இத்தாலியில் ரவென்னாவின் சான் அப்பொலினாரே நுவோவோ கோயில் மொசைக்கில் இருவரும் வரிசையில் நிற்கிறார்கள். கார்த்தேஜில் 1907-இல் தெலாத்ர் என்ற பாதிரியார் தோண்டியபோது இவர்கள் பெயர்கள் பொறித்த கல்வெட்டுத் துண்டுகள் கிடைத்தன. கத்தோலிக்கத் திருப்பலியின் முதலாம் நற்கருணை மன்றாட்டில் புனிதர்கள் பெயர் வாசிப்பார்கள் அல்லவா, அதில் இருவரும் உண்டு, நம் கோயில்களில் தமிழிலும் கேட்டிருப்பீர்கள். அங்கே ஃபெலிசிதாஸ் முதலில் வரும், பெர்பெத்துவா அடுத்து. சீமாட்டிக்கு முன்னால் அடிமையின் பெயர். அதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குச் சந்தோஷமாக இருக்கும்.

பிறகு ஏன் இந்தப் பெயர் அரிதாகிவிட்டது? இத்தாலியில் ஒரு காரணம் தெளிவாகத் தெரிகிறது. மன்ஸோனி என்ற இத்தாலிய எழுத்தாளரின் பெரிய நாவலில், 19-ஆம் நூற்றாண்டு, ஒரு பாதிரியாரின் வீட்டு வேலைகளைக் கவனிக்கும் வாய்த்துடுக்கான பெண்ணின் பெயர் பெர்பெத்துவா. நாவலை நாடே படித்தது, அதிலிருந்து 'பெர்பெத்துவா' என்றாலே பாதிரியார் வீட்டுப் பணிப்பெண் என்று பொதுச்சொல்லாகிவிட்டது. அதன்பின் மகளுக்கு யார் வைப்பார்கள்? ஆனால் எங்கும் முழுக்க அற்றுப் போகவில்லை, ஆப்பிரிக்கக் கத்தோலிக்கக் குடும்பங்களில் இன்றும் இந்தப் பெயரைக் கேட்கலாம்.

எழுத்துருவைக் கேட்டீர்களே. எரிக் கில் என்ற ஆங்கிலேயர், கல்லில் எழுத்து வெட்டுவதில் பெரிய கைகாரர், 1920-களில் மோனோடைப் நிறுவனத்துக்காக வரைந்தது அது. முதன்முதலில் அதை வைத்து அச்சிட்டது இந்தப் பெண்ணின் சிறைக் குறிப்பு அடங்கிய நூலின் ஆங்கில மொழிபெயர்ப்பை, அதனால் அந்தப் பெயர். அதன் சாய்வெழுத்துக்கு அவர்கள் முதலில் வைத்த பெயர் ஃபெலிசிட்டி.

படிக்க விரும்புகிறவர்களுக்கு ஒரே ஒரு விஷயம். நூல் மிகச் சின்னது, ஒரே உட்காரலில் முடித்துவிடலாம். முன்னுரையில் மாட்டிக்கொள்ளாதீர்கள், நேராக மூன்றாம் அத்தியாயத்துக்குப் போங்கள், அந்தக் குடம் அங்கேதான் இருக்கிறது. மூன்றிலிருந்து பத்துவரை அவள் எழுத்து, அடுத்த மூன்று அத்தியாயங்கள் அவளோடு சிறையில் இருந்த சதுருஸ் கண்ட கனவு. அந்தக் கனவைப் பற்றியும் எனக்குப் பேச நிறைய இருக்கிறது, படித்துவிட்டுக் கேள்வி அனுப்புங்கள்.