பெரிய துரை வீட்டுக்காரி

வணக்கம் மக்களே. இன்றைக்கு ஒரே ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு பேசப் போகிறேன். ஓங்பி. மணிப்பூரி மொழியில் இன்னாருடைய மனைவி என்று அர்த்தம். கல்யாணமான பெண்ணின் பெயரை எழுதும்போது புகுந்த வீட்டுப் பெயர், அடுத்து ஓங்பி, அதற்கப்புறம்தான் அவளுடைய சொந்தப் பெயர் வரும்.

இதோ, கையில் இருக்கிற நாவலின் மூலத் தலைப்பு 'போர் சாகேப் ஓங்பி சனாதோம்பி'. நம் வழக்கில் சொன்னால், பெரிய துரை வீட்டுக்காரி சனாதோம்பி. எம்.கே. பினோதினி தேவி எழுதி 1976 இல் வந்தது. 1979 இல் சாகித்திய அகாதெமி விருது. நான் படித்தது அவர் மகன் சோமி ராயின் ஆங்கில மொழிபெயர்ப்பை.

சனாதோம்பி நிஜமாகவே வாழ்ந்தவள். மணிப்பூர் அரசர் சுராசந்திராவின் மகள், ஏற்கெனவே இன்னொருவரின் மனைவி. 1891 இல் மணிப்பூரோடு நடந்த போரில் வென்ற ஆங்கிலேயர்கள், அவளுடைய சித்தப்பா டிகேந்திரஜித்தை இம்பாலில் ஊர் பார்க்கத் தூக்கிலிட்டார்கள். அந்த ஆட்சியின் பிரதிநிதியான மேக்ஸ்வெல் துரையோடுதான் அவள் வாழப் போனாள். யோசித்துப் பாருங்கள். சாதி குறுக்கே நிற்கும் காதல் கதைகளை நாம் நிறையப் படித்திருக்கிறோம். இங்கே குறுக்கே நிற்பது சொந்த வீட்டுச் சாவு. 1904 இல், பங்களா கட்ட ஆண்கள் கூலியில்லாமல் தேக்கு சுமக்க வேண்டும் என்ற உத்தரவுக்கு எதிராக இம்பால் பெண்கள் திரண்டார்களே, நூபி லான் என்கிற பெண்கள் போர், அந்த உத்தரவைப் போட்டதும் இதே மேக்ஸ்வெல்தான்.

பினோதினியும் அரண்மனைப் பெண். ஆங்கிலேயர் சிறுவனாக அரியணையில் ஏற்றிய சூராசந்த் மகாராஜாவின் மகள். அவர் சனாதோம்பிக்காக வக்காலத்து வாங்கவில்லை, வசைபாடவும் இல்லை. அட்டையிலேயே அவளைத் துரையின் ஓங்பி, அதாவது மனைவி, என்று போட்டுவிட்டார். அந்த ஒரு சொல்லுக்காகவே எனக்கு அவர்மேல் அவ்வளவு மரியாதை.

அதே எழுத்தாளர் திரைக்கதை எழுதி, அரிபம் சியாம் சர்மா இயக்கிய 'இமாகி நிங்தெம்' படத்தில், முறையாக ஓங்பி ஆன ஒருத்தியின் பக்கமிருந்து பார்க்கிறோம். கணவனுக்கு வேறொரு பெண்ணிடம் பிறந்த பையன் இருப்பது ஏகாஷினிக்குத் தெரிய வருகிறது. தாய் இறந்துவிட்டாள், தாத்தா வளர்க்கிறார். இவள் கோபித்துக்கொண்டு பிறந்த வீட்டுக்குக் கிளம்புவாள் என்றுதான் நினைத்தேன். அவளோ அந்தப் பையனைத் தேடிப் போகிறாள், தன் பிள்ளையாக்கிக்கொள்ள.

சரி, அந்தப் படத்தைப் பற்றி அடுத்த வீடியோவில் விரிவாகப் பேசலாம்.