கோஃபிஃபா: இரண்டு தோல்விக்குப் பின் வந்த ஆளுநர்

நேயர்களுக்கு வணக்கம்.

2008 நவம்பர் 4ஆம் தேதி, இந்தோனேசியாவின் கிழக்கு ஜாவா மாகாணத்தில் ஆளுநர் தேர்தலின் இரண்டாம் சுற்று நடந்தது. செல்லுபடியான வாக்குகள் ஒரு கோடியே ஐம்பத்து மூன்று லட்சத்துக்கும் மேல். வென்றவருக்கு 50.20 விழுக்காடு, தோற்றவருக்கு 49.80. இடைவெளி 60,223 வாக்குகள். தோற்றவர் பெயர் கோஃபிஃபா இந்தார் பராவன்சா. பத்து ஆண்டுகள் கழித்து அதே பதவியை வென்றார், 2024இல் மறுபடியும் வென்றார். இடையில் என்னென்ன நடந்தது என்பதைத்தான் இன்று பேசப் போகிறேன்.

முதலில் ஒரு விளக்கம். ஆளுநர் என்றதும் நம் காதில் விழுவது மேலிருந்து நியமிக்கப்படும் பதவி. இந்தோனேசியாவில் அப்படி இல்லை. 2005 முதல் அங்கே ஆளுநரையும் துணை ஆளுநரையும் ஜோடியாக நிறுத்தி, மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள். கிழக்கு ஜாவாவின் மக்கள் தொகை ஏறத்தாழ நான்கு கோடி. 29 மாவட்டங்கள், 9 நகரங்கள்.

கோஃபிஃபா 1965 மே 19ஆம் தேதி சுரபயாவில் பிறந்தவர். ஏர்லங்கா பல்கலைக்கழகத்தில் அரசியல் படித்தார். 1992இல், 27 வயதில், ஐக்கிய வளர்ச்சிக் கட்சியின் சார்பில் நாடாளுமன்றம் போனார். சுஹார்த்தோ காலத்தில் அனுமதிக்கப்பட்ட கட்சிகளே மூன்று, அதில் இது ஒன்று. எதிர்க்கட்சி என்று பெயர் இருந்தாலும் எதிர்த்துப் பேச இடம் கிடையாது. மேடையில் வாசிக்கும் உரைகூட முன்கூட்டியே ஒப்புதல் பெற்றாக வேண்டும். 1998 மார்ச்சில் சுஹார்த்தோவை ஏழாவது முறையாக அதிபராக்கக் கூடிய மக்கள் பேரவையில், தம் கட்சிக் குழுவின் சார்பில் பேச எழுந்த கோஃபிஃபா, முந்தைய ஆண்டுத் தேர்தலில் நடந்த முறைகேடுகளை அங்கேயே எடுத்துச் சொன்னார். இரண்டே மாதத்தில் சுஹார்த்தோ பதவி விலகினார். அந்த உரையால்தான் ஆட்சி கவிழ்ந்தது என்று சொன்னால் அது மிகை. நாணய மதிப்பு சரிந்ததும் மாணவர் போராட்டமும்தான் காரணம். ஆனால் கோஃபிஃபாவின் பெயர் நாடு முழுக்கத் தெரிய வந்தது அந்த உரையால்தான்.

1999இல் அப்துர்ரஹ்மான் வாஹித் அதிபரானார். மக்கள் அவரை குஸ் துர் என்றுதான் அழைப்பார்கள். அவருடைய அமைச்சரவையில் கோஃபிஃபா மகளிர் மேம்பாட்டு அமைச்சர், கூடவே தேசியக் குடும்பக் கட்டுப்பாட்டு வாரியத்தின் தலைவர். எல்லா அமைச்சகங்களும் தங்கள் திட்டங்களை ஆண் பெண் சமத்துவ நோக்கில் வகுக்க வேண்டும் என்ற 2000ஆம் ஆண்டின் 9ஆம் எண் அதிபர் ஆணை அந்தக் காலத்தில் வந்ததுதான். 2001 ஜூலையில் குஸ் துர் பதவி நீக்கப்பட்டார், அமைச்சர் பதவியும் போயிற்று. இங்கேதான் பலர் காணாமல் போவார்கள். கோஃபிஃபாவுக்குக் கையில் இன்னொன்று இருந்தது. 2000ஆம் ஆண்டிலேயே அவர் முஸ்லிமாத் அமைப்பின் தலைவராகியிருந்தார்.

இந்த அமைப்பைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். நஹ்த்லத்துல் உலமா என்பது 1926இல் சுரபயாவில் தொடங்கிய பெரும் முஸ்லிம் அமைப்பு. அதன் மகளிர் பிரிவு முஸ்லிமாத், 1946இல் பூர்வொகெர்த்தோ மாநாட்டில் உருவானது. மேலே தேசியத் தலைமை, அதன் கீழ் மாகாணம், மாவட்டம், வட்டம், கடைசியில் கிராமக் கிளை. கிராமக் கிளை என்றால் அலுவலகமும் பெயர்ப்பலகையும் இருக்கும் என்று நினைக்காதீர்கள். வாரம் ஒரு நாள் ஒரு வீட்டில் பெண்கள் கூடுவார்கள். குர்ஆனின் யாசீன் அத்தியாயத்தை ஓதுவார்கள், இறந்தவர்களுக்காகப் பிரார்த்தனை செய்வார்கள். பிறகு அரிசான் நடக்கும், அதாவது நம் ஊர்க் குலுக்குச் சீட்டு. எல்லாரும் சம தொகை போட, குலுக்கலில் பெயர் வந்தவருக்கு மொத்தமும் போகும். அடுத்த கூட்டம் பெரும்பாலும் அவர் வீட்டில். யார் வீட்டில் குழந்தைக்குக் காய்ச்சல், யாருக்கு அரசு உதவி நின்று போனது என்ற செய்தியெல்லாம் அந்த இரண்டு மணி நேரத்தில் கைமாறிவிடும். இவற்றுக்கு மேல் மழலையர் பள்ளிகள், மருத்துவமனைகள், கூட்டுறவுச் சங்கங்கள். உறுப்பினர் மூன்று கோடிக்கும் மேல் என்று அமைப்பே சொல்கிறது. பதிவேட்டில் அத்தனை பெயர் இருக்காது. கூட்டத்துக்கு வருகிற எல்லாரையும் சேர்த்துச் சொல்லும் கணக்கு அது.

இவ்வளவு பெரிய அமைப்பு கையில் இருந்தும் 2008இல் ஏன் தோற்றார்? எதிர் அணியில் ஆளுநர் வேட்பாளர் சூகார்வோ, மூத்த அரசு அதிகாரி. துணை வேட்பாளர் சைஃபுல்லா யூசுஃப், நஹ்த்லத்துல் உலமாவின் இளைஞர் அமைப்புக்குத் தலைவராக இருந்தவர், அந்த அமைப்பை நிறுவியவர்களில் ஒருவரின் கொள்ளுப்பேரன். அதனால் ஒரே வீட்டில் மனைவி ஒரு பக்கம், கணவர் ஓதும் மதரஸாவின் கியாய், அதாவது மதத் தலைவர், சொன்ன பக்கம் இன்னொன்று என்று வாக்குப் பிரிந்தது. அமைப்பின் கட்டளைப்படி வாக்கு விழும் என்று எண்ணும் கட்சிக்காரர்கள் எல்லா ஊரிலும் உண்டு. கிழக்கு ஜாவாவில் அந்தக் கணக்கு பலமுறை தப்பியிருக்கிறது.

அந்தத் தேர்தலில் ஐந்து ஜோடிகள். அப்போதைய சட்டப்படி பாதிக்கு மேல் எடுத்தால் வெற்றி. யாரும் எடுக்காவிட்டால் 30 விழுக்காட்டைத் தாண்டிய முதலாமவருக்கு வெற்றி. ஜூலையில் நடந்த முதல் சுற்றில் சூகார்வோ ஜோடிக்கு 26.44, கோஃபிஃபா ஜோடிக்கு 24.82. இருவருமே 30ஐத் தொடவில்லை, ஆகவே இரண்டாம் சுற்று.

வாக்கு எண்ணும் முறை தெரிந்தால்தான் தகராறு எங்கே வந்தது என்பது புரியும். காலை 7 மணி முதல் பிற்பகல் 1 மணி வரை வாக்குப்பதிவு. அன்றைக்கு வாக்காளர் ஆணியால் சீட்டில் துளை போடுவார். 1 மணிக்குப் பிறகு அதே சாவடியில், ஊர்க்காரர்கள் பார்க்க, ஒவ்வொரு சீட்டையும் விரித்துத் தூக்கிப் பிடித்து, துளை விழுந்த வேட்பாளரின் எண்ணை உரக்கச் சொல்வார்கள். சுவரில் ஒட்டிய பெரிய தாளில் ஐந்தைந்தாகக் கோடு போடுவார்கள். பிறகு படிவத்தில் எழுதிக் கையெழுத்து வாங்கி, வேட்பாளர்களின் முகவர்களுக்கு நகல் கொடுப்பார்கள். அதுவரை ஏமாற்றுவது கடினம், ஊரே பார்த்துக்கொண்டிருக்கிறது. அதன்பின் படிவம் வட்டத்துக்கும் மாவட்டத்துக்கும் மாகாணத்துக்கும் போய்க் கூட்டப்படும். ஓட்டை விழுவது அந்தப் பயணத்தில். முகவர் கையில் நகல் இல்லாத சாவடியில், வட்ட அளவில் எண் மாறினால் கேட்க ஆளில்லை. ஏழைக் கட்சிகள் எல்லாச் சாவடிக்கும் முகவர் போட முடியாது என்பதுதான் நடைமுறைச் சிக்கல். கோஃபிஃபாவை நிறுத்தியவை பெரும்பாலும் சின்னக் கட்சிகள்.

கிழக்கு ஜாவாவைச் சேர்ந்த மதுரா தீவின் மாவட்டங்களில் முறைகேடு நடந்தது என்று கோஃபிஃபா அரசியல் சாசன நீதிமன்றம் போனார். அதுவரை இப்படிப்பட்ட வழக்கில் நீதிமன்றம் கூட்டல் கழித்தலை மட்டும் சரிபார்க்கும். 2008 டிசம்பர் 2ஆம் தேதி வந்த தீர்ப்பு அந்த எல்லையைத் தாண்டியது. முறைகேடு கட்டமைப்போடு, திட்டமிட்டு, பரவலாக நடந்திருந்தால் வாக்குப்பதிவையே செல்லாததாக்கலாம் என்றது. பங்காலான், சம்பாங் மாவட்டங்களில் மறு வாக்குப்பதிவு, பமெகாசானில் மறு எண்ணிக்கை. தலைமை நீதிபதி மஹ்ஃபூத், பிறந்ததே அந்த சம்பாங்கில்தான். இந்தோனேசியத் தேர்தல் வழக்குகளில் இன்றுவரை வழக்கறிஞர்கள் சொல்லும் அந்த மூன்று அளவுகோல்களும் இந்தத் தீர்ப்பில் வேரூன்றியவை.

2009 ஜனவரி 21ஆம் தேதி மறு வாக்குப்பதிவு நடந்தது. இடைவெளி சுமார் 34,000ஆகச் சுருங்கியது, ஆனாலும் தோல்விதான். வாக்காளர் பட்டியலே போலி என்ற புகார் அப்போது கிளம்பியது. மாகாணக் காவல் தலைவர் ஹெர்மான் சூர்யாதி சுமாவிரெட்ஜா விசாரணையை முடுக்கினார். பிறகு வழக்கின் போக்கு மாற்றப்பட்டதாகச் சொல்லி, 2009 மார்ச்சில் காவல் பணியை விட்டே விலகினார். 2013 தேர்தலில் கோஃபிஃபா தமக்குத் துணை வேட்பாளராக நிறுத்தியது அவரைத்தான்.

அந்த 2013 தேர்தலில் சிக்கல் வாக்குப்பதிவுக்கு முன்பே வந்தது. வேட்பாளரை நிறுத்தக் கட்சிகளுக்குக் கூட்டாக 15 விழுக்காடு ஆதரவு வேண்டும். கோஃபிஃபாவை ஆதரித்த இரண்டு குட்டிக் கட்சிகளுக்குள் தலைமைத் தகராறு. ஒரு கோஷ்டி இவருக்கும் மறு கோஷ்டி சூகார்வோவுக்கும் கடிதம் கொடுத்தன. தேர்தல் ஆணையம் அந்த இரண்டையும் கணக்கிலிருந்து எடுத்ததும் இவருடைய ஆதரவு 15க்குச் சற்றே கீழே இறங்கியது, மனு தள்ளுபடி. தேர்தல் நடத்துவோரை விசாரிக்கும் நெறிமுறை மன்றம் தலையிட்டு ஜூலை 31ஆம் தேதி அவரைத் திரும்பச் சேர்த்தது. வாக்குப்பதிவு ஆகஸ்ட் 29. பிரச்சாரத்துக்குக் கிடைத்தது ஒரு மாதத்துக்கும் குறைவு. 37.62 விழுக்காடு வாங்கி, 47.25 வாங்கிய சூகார்வோவிடம் மறுபடியும் தோற்றார்.

2014 அக்டோபரில் அதிபர் ஜோகோ விடோடோ அவரைச் சமூகநலத் துறை அமைச்சராக்கினார். அவருடைய அரசியல் வாழ்வில் மக்கள் கையில் நேரடியாகப் பட்ட வேலை இதுதான் என்பது என் கருத்து. ஏழைக் குடும்பங்களுக்கு நிபந்தனையோடு பணம் தரும் திட்டம் ஏற்கெனவே இருந்தது. பணம் தாயின் பெயரில் வரும். கர்ப்பிணி நான்கு முறை பரிசோதனைக்குப் போக வேண்டும், குழந்தையின் எடையைச் சுகாதார மையத்தில் பார்க்க வேண்டும், பள்ளிப் பிள்ளை 85 விழுக்காடு வருகை காட்ட வேண்டும். 2014இல் முப்பது லட்சத்துக்குச் சற்றுக் குறைவாக இருந்த குடும்பங்கள் 2016இல் அறுபது லட்சம் ஆயின. 2018இல் இலக்கு ஒரு கோடி.

முன்பு எத்தனை பிள்ளை, எந்த வகுப்பு என்று வீட்டுக்கு வீடு கணக்குப் போட்டுத் தொகை மாறும். 2017இல் எல்லாருக்கும் ஒரே தொகை: ஆண்டுக்கு 18,90,000 ரூப்பியா, மூன்று தவணை ஐந்து லட்சம், கடைசித் தவணை 3,90,000. வங்கி அட்டையில் போய்ச் சேர்வது எளிதானது. ஆனால் மூன்று பிள்ளைகள் படிக்கும் வீட்டுக்கும் ஒரு பிள்ளை வீட்டுக்கும் ஒரே பணம் என்பது நியாயமாக இல்லை. 2019இல் பழைய முறைக்கே திரும்பினார்கள்.

அரிசியிலும் ஒரு மாற்றம். மாதம் 15 கிலோ மலிவு அரிசி கொடுத்துக்கொண்டிருந்தார்கள், கிலோ 1,600 ரூப்பியா. கிராமத்துக்கு மூட்டை வந்ததும் எல்லாருக்கும் சமமாகப் பிரித்துவிடுவார்கள். பட்டியலில் பெயர் இல்லாதவரும் அண்டை வீட்டுக்காரர்தானே என்ற நியாயம். ஏழை வீட்டுக்கு நாலைந்து கிலோவோடு நின்றுவிடும். அதற்குப் பதிலாக 2017இல் நகரங்களில் தொடங்கி, அட்டையில் மாதம் 1,10,000 ரூப்பியா போட்டு, அதை வைத்துக் குறிப்பிட்ட கடையில் அரிசியும் முட்டையும் வாங்கச் சொன்னார்கள். சில கடைகளை உதவி பெறும் பெண்களே குழுவாக நடத்தினார்கள். இதிலும் கோளாறு வந்தது. இயந்திரத்துக்குச் சிக்னல் கிடைக்காது. அட்டையின் பின்னாலேயே ரகசிய எண்ணை எழுதி வைப்பார்கள், அல்லது அட்டையையே கடைக்காரரிடம் கொடுத்து வைப்பார்கள். பட்டியல் பழையது என்பதால் இறந்தவருக்குப் பணம் வரும், புதிதாக நொடித்துப் போனவருக்கு வராது.

2018 ஜனவரியில் அமைச்சர் பதவியை விட்டுவிட்டு மூன்றாம் முறை களமிறங்கினார். இம்முறை துணைக்கு எமில் தர்தாக், திரெங்காலெக் மாவட்டத் தலைவர், தேர்தலின்போது 34 வயது. தேர்வில் கணக்கு இருந்தது. மதுராவிலும் கிழக்குக் கரையிலும் மதத் தலைவர்களின் செல்வாக்கு, மேற்கே மத்தராமான் பகுதியில் தேசியக் கட்சிகளின் பலம். எமில் அந்த மேற்குப் பகுதிக்காரர். எதிரே சைஃபுல்லா யூசுஃப். இரண்டு முறை இவரைத் தோற்கடித்த சூகார்வோ தலைமை தாங்கிய ஜனநாயகக் கட்சியின் மாகாணக் கிளை இப்போது இவர் பக்கம். ஜூன் 27ஆம் தேதித் தேர்தலில் 53.55 விழுக்காடு, ஒரு கோடியே நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குகள்.

மாவட்டங்களுக்கே அதிகாரம் கூடுதலான நாட்டில் ஆளுநருக்குச் சொந்தமான வேலைகள் குறைவு. மேல்நிலைப் பள்ளிகள், மாவட்டங்களைக் கடக்கும் சாலை, போக்குவரத்து போன்றவைதான். அதில் எளிதில் கண்ணில் படுவது 2022 ஆகஸ்டில் தொடங்கிய டிரான்ஸ் ஜாத்திம் பேருந்து. சிடோஆர்ஜோவிலிருந்து சுரபயா வழியாக கிரெசிக் வரை 5,000 ரூப்பியா, மாணவருக்கு 2,500.

2024 நவம்பர் தேர்தலில் மூன்று ஜோடிகளுக்கும் தலைமை வேட்பாளர் பெண்தான்: கோஃபிஃபா, சுரபயாவின் முன்னாள் மேயர் திரி ரிஸ்மஹாரினி, லுலுக் நூர் ஹமீதா. கோஃபிஃபாவுக்கு 58.81 விழுக்காடு. ரிஸ்மாவும் சமூகநலத் துறை அமைச்சராக இருந்தவர். அவருக்குப் பின் அந்த நாற்காலிக்கு வந்தவர் சைஃபுல்லா யூசுஃப். கிழக்கு ஜாவா அரசியலுக்கும் அந்த அமைச்சகத்துக்கும் ஏதோ பூர்வஜென்ம பந்தம் போலிருக்கிறது. 2025இல் முஸ்லிமாத் மாநாடு கோஃபிஃபாவை ஆலோசனைக் குழுத் தலைவராக்கி, தலைமைப் பொறுப்பை அரிஃபாத்துல் சொய்ரி ஃபவுஸியிடம் கொடுத்தது.

ஒரு நெருடலையும் சொல்லியாக வேண்டும். மாகாண நிதியிலிருந்து ஊர்க் குழுக்களுக்கு மானியம் போகும். எந்தக் குழுவுக்கு என்பதைச் சட்டமன்ற உறுப்பினர்கள் பரிந்துரைப்பார்கள். பணம் வருவதற்கு முன்பே கமிஷன் கேட்பதுதான் நோய். சட்டமன்றத் துணைத் தலைவர் ஒருவர் 2022 டிசம்பரில் இதில் கைதாகி, மறு ஆண்டு ஒன்பது ஆண்டுச் சிறைத் தண்டனை பெற்றார். ஊழல் ஒழிப்பு ஆணையம் 2025 ஜூலையில் கோஃபிஃபாவைச் சாட்சியாக அழைத்து விசாரித்தது. சாட்சியாக மட்டும்தான். பரிந்துரைப்பது சட்டமன்றம், கையெழுத்துப் போட்டுப் பணத்தை விடுவிப்பது ஆளுநர் நிர்வாகம் என்னும்போது, சரிபார்க்கும் பொறுப்பு யாருடையது என்ற கேள்வி இன்னும் அங்கே ஓடிக்கொண்டிருக்கிறது.

வாய்ப்பளித்த வானொலி நிலையத்துக்கு நன்றி. வணக்கம்.